வீட்டிலேயே எலுமிச்சை வோட்கா காக்டெய்ல்: முதன்முறை செய்பவர்களுக்கான வழிகாட்டி

வோட்கா, எலுமிச்சைச் சாறு, சர்க்கரைப் பாகு, பனிக்கட்டி ஆகிய நான்கே பொருள்களில் முடிந்துவிடும் இந்தப் பானத்துக்கு ஒரு வழிகாட்டி எதற்கு என்று உங்களுக்குத் தோன்றலாம். செய்யத் தொடங்கியதும் சிக்கல் தெரியவரும். ஒரு செய்முறை ‘ஒரு பழத்தின் சாறு’ என்று சொல்லிவிட்டு, பழம் எவ்வளவு பெரியது என்பதைச் சொல்லாது, இன்னொன்று அவுன்ஸிலும் ‘ஷாட்’டிலும் அளவு கொடுக்கும், மற்றொன்று எத்தனை வினாடி குலுக்குவது என்பதையே விட்டுவிடும். இவற்றையெல்லாம் தேடி, ஒன்றோடொன்று ஒப்பிட்டு, கடைசியில் நிலையான ஓர் அளவுக்கு வந்துசேர நான் பட்ட அலைச்சல் உங்களுக்கு வேண்டாம் என்பதால், எல்லாவற்றையும் செய்யும் வரிசையிலேயே கீழே எழுதுகிறேன். மது அருந்தச் சட்டப்படி வயது வந்தவர்களுக்கும், உடல்நலம் அதற்கு இடம் கொடுப்பவர்களுக்கும் மட்டுமே இது பொருந்தும்.

1. முதலில் ஆவணங்கள்

மது வாங்குவதற்கான குறைந்தபட்ச வயது நாட்டுக்கு நாடு, சில நாடுகளில் மாநிலத்துக்கு மாநிலம்கூட மாறுகிறது. சில இடங்களில் புகைப்படத்துடன் கூடிய வயதுச் சான்று போதும். சில இடங்களில் வாங்குவதற்கும் வைத்திருப்பதற்கும் அனுமதிச் சீட்டு வேண்டும். ஒருவர் வீட்டில் எத்தனை புட்டி வைத்திருக்கலாம் என்பதற்கு உச்சவரம்பு விதிக்கும் இடங்களும் உண்டு. நீங்கள் வசிக்கும் இடத்தின் விதி எது என்பதைப் புட்டி வாங்கும் முன் உறுதிசெய்துகொள்ளுங்கள். வாங்கிய பின் ரசீதை எறிந்துவிடாமல், புட்டி காலியாகும் வரையிலாவது வைத்திருங்கள். ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்குப் புட்டியை எடுத்துச் செல்ல நேர்ந்தால், அது எங்கே, எப்போது வாங்கியது என்பதைக் காட்ட அந்தத் துண்டுச்சீட்டுதான் உதவும்.

உரிமம் பெற்ற கடையில், மூடி முத்திரை உடையாத புட்டியை மட்டும் வாங்குங்கள். முத்திரையில்லாத, விலை நம்ப முடியாத அளவுக்குக் குறைந்த சரக்கில் மெத்தனால் கலந்திருக்கக்கூடும். மணத்தாலோ சுவையாலோ அதைக் கண்டுபிடிக்க முடியாது. சிறிதளவு உட்கொண்டாலே பார்வை போகும், உயிரும் போகும். எலுமிச்சைச் சாறு சேர்ப்பதாலோ சூடாக்குவதாலோ அந்த ஆபத்து நீங்காது. இந்த ஒரு விஷயத்தில் சிக்கனம் பார்க்கவே கூடாது.

2. புட்டியும் செலவும்

லேபிளில் முதலில் பார்க்க வேண்டியது ஆல்கஹால் சதவீதம். பெரும்பாலான வோட்காவில் அது 40 ஆக இருக்கும். ஐரோப்பிய ஒன்றியத்தின் விதிப்படி குறைந்தபட்சம் 37.5. இந்தக் கட்டுரையில் வரும் அளவுகள் யாவும் 40 சதவீத வோட்காவைக் கணக்கில் கொண்டவை.

அடுத்து, புட்டியில் இருப்பது சாதாரண வோட்காவா, எலுமிச்சை மணம் சேர்த்ததா என்று பாருங்கள். மணம் சேர்த்தவற்றுள் சர்க்கரை கலந்த வகைகளும் உண்டு. அவற்றை வாங்கிக் கீழே சொல்லும் அளவில் பாகும் சேர்த்தால், பானம் தித்திப்பு மிட்டாயாகிவிடும். முதல் புட்டி மணமற்ற சாதாரண வோட்காவாக இருக்கட்டும். நடுத்தர விலையே போதுமானது. புளிப்பும் இனிப்பும் தோலெண்ணெய் மணமும் சேர்ந்த ஒரு கலவையில், மிக விலையுயர்ந்த வோட்காவின் நுட்பம் நாவுக்கு எட்டுவது அரிது. மிச்சமாகும் பணத்தை நல்ல பழத்துக்குச் செலவிடுங்கள், அதன் பலனை முதல் மடக்கிலேயே உணர்வீர்கள்.

செலவைக் கணக்கிடும் முறை எளியது. ஒரு கோப்பைக்கு 50 மி.லி. வோட்கா என்றால், 750 மி.லி. புட்டியில் 15 கோப்பை, 700 மி.லி. புட்டியில் 14 கோப்பை. புட்டியின் விலையை அந்த எண்ணால் வகுத்து, ஒரு பழத்தின் விலையைச் சேர்த்தால் ஒரு கோப்பையின் அடக்கவிலை கிடைத்துவிடும். சர்க்கரையும் பனிக்கட்டியும் கணக்கில் சேர்க்கத் தேவையில்லாத அளவுக்குச் சிறியவை.

பல செய்முறைகள் ட்ரிபிள் செக், குவாந்த்ரோ போன்ற, ஆரஞ்சு மணமூட்டிய இனிப்பு மதுவான லிக்கரையும் கேட்கும். அதை உடனே வாங்க வேண்டாம். ஒரு கோப்பைக்கு 15 மி.லி. மட்டுமே செல்லும் என்பதால் 700 மி.லி. புட்டி ஒன்று 46 கோப்பை வரை வரும்; இந்தப் பானம் உங்களுக்குப் பிடித்திருக்கிறதா என்று தெரியுமுன் அவ்வளவு செலவு செய்வது வீண். பின்னாளில் வாங்கினால் வோட்கா 45, லிக்கர் 15, சாறு 25, பாகு 10 மி.லி. என்று அளவை மாற்றிக்கொள்ளுங்கள். லிக்கரிலேயே இனிப்பு இருப்பதால் பாகு பாதியாகக் குறைகிறது.

3. பழத்தைத் தேர்ந்தெடுத்துப் பிழிதல்

இந்தப் பானத்தின் உயிர் பழத்தில் இருக்கிறது. எலுமிச்சை இனத்தில் நமக்குப் பயன்படுவன இரண்டு: தடித்த தோலுடைய பெரிய மஞ்சள் எலுமிச்சை, மெல்லிய தோலுடைய சிறிய உருண்டை எலுமிச்சை. பெரியதில் ஏறக்குறைய 30 முதல் 45 மி.லி. சாறும், சிறியதில் அதில் பாதியோ அதற்கும் குறைவோ கிடைக்கும். ‘ஒரு பழத்தின் சாறு’ என்ற அளவு ஏன் பயனற்றது என்பது இதிலிருந்தே விளங்கும். இரண்டின் சாற்றிலும் 5 முதல் 6 சதவீதம் வரை அமிலம் இருப்பதால் ஒன்றுக்குப் பதில் மற்றொன்றை அதே அளவில் ஊற்றலாம். ஆரஞ்சின் சாற்றில் அமிலம் ஏறக்குறைய 1 சதவீதம்தான், சாத்துக்குடியில் அதனினும் குறைவு. ஆகவே அவற்றை எலுமிச்சைக்கு ஈடாகக் கொள்ள முடியாது.

கையில் எடுத்தால் கனமாகவும், அழுத்தினால் சற்றே நெகிழ்ந்து கொடுப்பதாகவும் இருக்கும் பழத்தில் சாறு மிகுதி. தோலையும் பயன்படுத்தப் போகிறோம் என்பதால், மேற்பூச்சாகத் தடவப்பட்ட மெழுகைப் போக்க வெந்நீரில் பழத்தைத் தேய்த்துக் கழுவித் துடைத்துக்கொள்ளுங்கள். குளிர்சாதனப் பெட்டியிலிருந்து எடுத்த பழத்தை உடனே பிழியாமல், அறை வெப்பநிலைக்கு வரவிட்டு, உள்ளங்கையால் மேசைமீது அழுத்தி உருட்டிய பிறகு வெட்டினால் சாறு எளிதாக இறங்கும்.

பிழியும் முன் தோலைச் சீவி எடுத்துவிட வேண்டும். பிழிந்து தொய்ந்த பழத்தில் தோல் சீவுவது பெரும்பாடு. காய்கறித் தோல்சீவியால், நிறமுள்ள மேல்தோல் மட்டும் வருமாறு இரண்டு விரல் அகலத்துக்கு ஒரு பட்டை எடுங்கள். மணம் தரும் எண்ணெய்ப் பைகள் அந்த நிறப்பகுதியில்தான் இருக்கின்றன. அடியிலுள்ள வெள்ளைப் பகுதி கசக்கும். பட்டையில் ஒட்டிக்கொண்டிருந்தால் கத்தியால் வழித்துவிடுங்கள். சிறிய எலுமிச்சையின் தோல் மிக மெல்லியது என்பதால் இப்படிச் சீவ வராது. உங்களிடம் அதுதான் இருக்கிறதென்றால், சாற்றுக்கு அதையும் தோலுக்கு ஓர் ஆரஞ்சையும் வைத்துக்கொள்ளுங்கள்.

பிழியும்போது பழத்தின் வெள்ளைப் பகுதி நசுங்கும்வரை முறுக்க வேண்டாம். கடைசிச் சில சொட்டுகளோடு கசப்பும் சேர்ந்து இறங்கும். விதையையும் சக்கையையும் வடிகட்டிவிடுங்கள். பிழிந்த சாற்றை நான்கு மணி நேரத்துக்குள் பயன்படுத்திவிடுவது நல்லது. மறுநாள் அது கெட்டுப்போயிருக்காது. ஆனால் மணம் மங்கிச் சுவை தட்டையாகியிருக்கும். விதையில்லாத நேவல் வகை ஆரஞ்சில் இந்த எச்சரிக்கை இன்னும் முக்கியம், ஏனெனில் அதன் சாறு வைக்க வைக்கக் கசப்பேறும் தன்மையுடையது. புட்டியில் அடைத்து விற்கும் எலுமிச்சைச் சாற்றை இதற்குப் பயன்படுத்தாதீர்கள். மற்ற எல்லாவற்றையும் சரியாகச் செய்தாலும் அது பானத்தைக் கெடுத்துவிடும்.

4. சர்க்கரைப் பாகு

சர்க்கரையை நேரடியாகப் போட்டுக் குலுக்கினால் குளிர்ந்த ஆல்கஹாலில் அது கரையாமல் அடியில் தங்கிவிடும். அதனால் பாகு வேண்டும். பாகு என்றதும் கம்பிப் பதத்தை நினைத்துவிடாதீர்கள். இங்கே வேண்டியது சர்க்கரையும் தண்ணீரும் சம எடையில் கரைந்த நீர்த்த கரைசல் மட்டுமே. 100 கிராம் சர்க்கரையை 100 கிராம் வெந்நீரில் கலக்கிக் கரைத்தால் ஏறக்குறைய 160 மி.லி. கிடைக்கும், எட்டுக் கோப்பைக்குப் போதும். அடுப்பில் வைத்துக் கொதிக்கவிட்டால் நீர் ஆவியாகிப் பாகு கெட்டிப்படும், அதன்பின் இந்த அளவுகள் எதுவும் பொருந்தாது. முழுதும் ஆறிய பிறகு, சுடுநீரில் கழுவி உலர்த்திய கண்ணாடிப் புட்டியில் ஊற்றிக் குளிர்சாதனப் பெட்டியில் வைத்தால் மூன்று வாரம் இருக்கும். கலங்கலோ பூஞ்சையோ தென்பட்டால் கொட்டிவிடுங்கள்.

5. பனிக்கட்டியும் கருவிகளும்

பனிக்கட்டியை முந்தைய நாளே உறையவிடுங்கள். பெரிய கட்டிகள் நல்லவை. அவை ஃப்ரீசரிலிருந்து நேராக வந்து, மேற்பரப்பு உலர்ந்திருக்க வேண்டும்; மேசைமீது வைத்து ஈரம் கசியத் தொடங்கிய பனிக்கட்டி, குளிர்விக்கும் முன்பே தண்ணீரைச் சேர்த்துவிடும். ஃப்ரீசரில் மூடாமல் கிடந்த பழைய பனிக்கட்டி பக்கத்திலுள்ள மீன், மசாலா ஆகியவற்றின் வாடையை ஏற்றிருக்கும் என்பதையும் மறக்க வேண்டாம்.

பானத்தைக் குலுக்கிக் கலக்கும் மூடியிட்ட கலமான ஷேக்கர் இல்லையென்றால், திருகு மூடியும் அகன்ற வாயும் உள்ள எவர்சில்வர் குப்பி போதும். மூடி கசியாததா என்று தண்ணீர் ஊற்றிச் சோதித்துப் பாருங்கள். செம்பு, பித்தளை, அலுமினியப் பாத்திரங்கள் இதற்கு ஆகா. எலுமிச்சையின் அமிலம் உலோகத்தைக் கரைத்துப் பானத்தில் சேர்த்துவிடும். செம்புக் கோப்பையில்தான் பரிமாற வேண்டும் என்று ஆசைப்பட்டால், உட்புறம் முழுவதும் எவர்சில்வரோ காரீயம் கலக்காத வேறு பாதுகாப்பான உலோகமோ வேய்ந்ததாகப் பார்த்து வாங்குங்கள்.

அளப்பதற்கு மி.லி. கோடிட்ட மருந்து மூடியோ அளவுக் கரண்டியோ போதும். ஒரு மேசைக்கரண்டி 15 மி.லி., ஒரு தேக்கரண்டி 5 மி.லி. என்று பொறித்த அளவுக் கரண்டியையே எடுங்கள். வீட்டில் சாப்பிடப் பயன்படும் கரண்டிகள் அளவில் ஒத்திருப்பதில்லை. வேறு செய்முறைகளைப் படிக்கும்போது ஓர் அவுன்ஸை 30 மி.லி. என்று வைத்துக்கொள்ளலாம். ‘ஷாட்’ என்ற அளவை மட்டும் நம்ப வேண்டாம். இடத்துக்கு இடம் அது 25 மி.லி.யிலிருந்து 60 மி.லி. வரை மாறுகிறது.

பரிமாறும் கோப்பையை அரைமணி நேரம் முன்பே ஃப்ரீசரில் வைத்துவிடுங்கள். வோட்காவை அங்கே வைக்காதீர்கள். அதற்கான காரணம் ஏழாம் படியில் வருகிறது.

6. அளந்து ஊற்றுதல்

ஒரு கோப்பைக்கு அளவு இது: எலுமிச்சைச் சாறு 25 மி.லி. (ஐந்து தேக்கரண்டி), பாகு 20 மி.லி. (நான்கு தேக்கரண்டி), வோட்கா 50 மி.லி. (மூன்று மேசைக்கரண்டியும் ஒரு தேக்கரண்டியும்).

விலை குறைந்தவற்றை முதலிலும் வோட்காவைக் கடைசியிலும் ஊற்றுங்கள்; இடையில் அளவு தவறினால் கொட்டிவிட்டு மீண்டும் தொடங்குவதற்கு மனம் வரும். விரல் நுனியில் ஒட்டும் அளவுக்கு உப்பையும் சேர்த்தால் கசப்பு தணிந்து பழத்தின் மணம் மேலெழும். உப்புச்சுவை தெரியும் அளவுக்குப் போய்விடக் கூடாது. பனிக்கட்டியைப் போட்ட கணத்திலிருந்து நேரம் ஓடத் தொடங்கிவிடுகிறது. ஆகையால் வடிகட்டி, கோப்பை, தோல் பட்டை எல்லாம் கைக்கெட்டும் தொலைவில் இருப்பதைப் பார்த்துக்கொண்டு, அதன் பிறகே ஷேக்கரின் மூன்றில் இரண்டு பங்கு நிரம்பும் வரை பனிக்கட்டி போட்டு மூடுங்கள்.

7. குலுக்குதல்

பலர் வெறும் சடங்காக நினைக்கும் இந்தப் படியில்தான் பானம் பானமாகிறது. குலுக்கும்போது கலத்தல், குளிர்தல், நீர்த்தல் ஆகிய மூன்றும் ஒருசேர நடக்கின்றன. உருகும் ஒவ்வொரு கிராம் பனிக்கட்டியும் பானத்திலிருந்து ஏறக்குறைய 334 ஜூல் வெப்பத்தை எடுத்துக்கொள்கிறது. ஆல்கஹாலும் சர்க்கரையும் கலந்த நீர் 0 டிகிரியில் உறைவதில்லை என்பதால், வெப்பநிலை அதற்கும் கீழே, மைனஸ் 5 டிகிரி செல்சியஸ் அளவுக்கு இறங்கும். 12 முதல் 15 வினாடி வேகமாகக் குலுக்கினால் இந்த நிலை வந்துவிடும். ஷேக்கரின் வெளிப்புறம் வெண்பனி பூத்துக் கையைக் கடிக்கத் தொடங்குவதே அதன் அடையாளம். அதற்கு மேல் குலுக்கினால் குளிர்ச்சி அவ்வளவாகக் கூடாது, தண்ணீர்தான் கூடும்.

இந்தத் தண்ணீரைக் குறையாக எண்ண வேண்டாம். நாம் ஊற்றிய 95 மி.லி. கலவை, 25 முதல் 30 மி.லி. நீரை ஏற்று 120 மி.லி. அளவுக்கு வரும்போதுதான் புளிப்பும் காரமும் தணிந்து சமநிலைக்கு வருகிறது. முதல் இரண்டு மூன்று முறை, வடித்த பானத்தை அளந்து பாருங்கள். 110 மி.லி.க்குக் குறைந்தால் குலுக்கியது போதவில்லை; 135 மி.லி.யைத் தாண்டினால் பனிக்கட்டி ஈரமாக இருந்திருக்கிறது அல்லது நேரம் மிகுந்துவிட்டது. இந்தச் சோதனையை வேறு எந்தச் செய்முறையிலும் நான் பார்க்கவில்லை, ஆனால் அளவு கைவசப்பட இதைவிட விரைவான வழி இல்லை.

வோட்காவை ஃப்ரீசரில் வைக்க வேண்டாம் என்று சொன்னது இதனால்தான். 40 சதவீத வோட்கா வீட்டு ஃப்ரீசரின் மைனஸ் 18 டிகிரியில் உறையாது, மிகக் குளிர்ந்திருக்கும். அவ்வளவு குளிர்ந்த வோட்காவில் பனிக்கட்டி உருக வேண்டிய தேவை குறைந்து, நீர் சேராமல், பானம் தொண்டையை எரிக்கும்.

சோடாவையோ வேறு நுரைக்கும் பானத்தையோ ஷேக்கருக்குள் ஒருபோதும் ஊற்றாதீர்கள். அழுத்தம் ஏறி மூடி தெறித்துவிடும். சோடா சேர்த்த நெட்டைக் கோப்பை வேண்டுமென்றால், மற்றவற்றைக் குலுக்கிப் புதுப் பனிக்கட்டி நிறைந்த கோப்பையில் வடித்து, 90 மி.லி. சோடாவை மேலே மெல்ல ஊற்றி ஒருமுறை மட்டும் கிளறுங்கள்.

8. வடித்தலும் தோலெண்ணெயும்

குளிர்ந்த கோப்பையில் உடனே வடியுங்கள். பனித்துகள் வேண்டாமென்றால் தேநீர் வடிகட்டியை இடையில் பிடியுங்கள். பிறகு தோல் பட்டையை, நிறமுள்ள பக்கம் பானத்தை நோக்கியிருக்குமாறு இரு கை விரல்களாலும் பிடித்து மடக்கி அழுத்துங்கள். கண்ணுக்கு அரிதாகத் தெரியும் எண்ணெய்த் தூவல் பானத்தின் மேல் படியும். கோப்பையின் விளிம்பில் பட்டையை ஒருமுறை தடவி, உள்ளே போட்டுவிடலாம். மூக்கு முதலில் சந்திப்பது இந்த மணத்தைத்தான். இதை விட்டுவிட்டால் பானம் வெறும் புளிப்பும் இனிப்புமாக நின்றுவிடும்.

9. சுவைத்துத் திருத்துதல்

பழத்தின் புளிப்பு பருவத்துக்குப் பருவம் மாறும் என்பதால், முதல் மடக்குக்குப் பின் திருத்தம் தேவைப்படலாம். பல் கூசினால் பாகு ஒரு தேக்கரண்டி, திகட்டினால் சாறு அரைத் தேக்கரண்டி. ஒரு நேரத்தில் ஒன்றை மட்டுமே மாற்றுங்கள். மாற்றிய அளவைக் குறித்து வையுங்கள்.

ஆரஞ்சில் செய்ய விரும்பினால் வோட்கா 50, ஆரஞ்சுச் சாறு 60, எலுமிச்சைச் சாறு 10, பாகு 5 மி.லி. கசப்பும் புளிப்பும் கலந்த கிரேப்ஃப்ரூட் பழத்தில் என்றால் வோட்கா 50, அதன் சாறு 50, எலுமிச்சைச் சாறு 10, பாகு 15 மி.லி. இரண்டிலும் எலுமிச்சை இல்லாமல் புளிப்பு எடுபடாது.

வோட்காவிலேயே எலுமிச்சை மணம் ஏற்றலாம். தோலெண்ணெய் தண்ணீரில் கரையாது, ஆல்கஹாலில் கரையும். 250 மி.லி. வோட்காவில் இரண்டு பெரிய எலுமிச்சைகளின் நிறத்தோலை வெள்ளைப் பகுதியின்றிப் போட்டு, மூடி, வெளிச்சம் படாத இடத்தில் வையுங்கள். 24 மணி நேரத்தில் சுவைத்துப் பார்த்து, அதிகபட்சம் 48 மணி நேரத்தில் வடித்துவிடுங்கள். வாரக்கணக்கில் ஊறவிட்டால் கசப்பு இறங்கிவிடும்.

10. பலருக்குச் செய்தல்

நான்கு பேருக்கு என்றால் வோட்கா 200, சாறு 100, பாகு 80 மி.லி.; இவற்றுடன் குடிநீர் 100 மி.லி. குலுக்காமல் குளிரவிடும்போது பனிக்கட்டி தர வேண்டிய நீரை நாமே ஊற்றியாக வேண்டும். இதை மறப்பதால்தான் விருந்துகளில் முன்கூட்டிக் கலந்த பானங்கள் கடுமையாக இருக்கின்றன. விருந்தினர் வருவதற்கு மூன்று மணி நேரம் முன் கலந்து குளிர்சாதனப் பெட்டியில் வையுங்கள். அவசரமென்றால் ஃப்ரீசரில் முக்கால் மணி நேரம் வைக்கலாம். இரவு முழுவதும் விட்டால் கலவை உறையத் தொடங்கிவிடும், நிறைந்த கண்ணாடிப் புட்டி வெடிக்கவும் கூடும்.

11. குடிக்கும் முன் கவனிக்க வேண்டியவை

50 மி.லி. வோட்காவில் 20 மி.லி., அதாவது ஏறக்குறைய 16 கிராம் தூய ஆல்கஹால் இருக்கிறது. நீர்த்த பிறகும் கோப்பையிலுள்ள பானம் 16 சதவீதத்துக்கு மேல் வலுவுடையது, வழக்கமான வைனைவிடக் கடுமையானது. இனிப்பும் புளிப்பும் அந்த வலுவை மறைத்துவிடுவதால் வேகமாகக் குடித்துவிடும் அபாயம் இதில் மிகுதி. உடல் ஒரு மணி நேரத்தில் 7 முதல் 10 கிராம் வரையே ஆல்கஹாலைச் செரிக்கும் என்பதால், ஒரு கோப்பை வெளியேறவே ஏறக்குறைய இரண்டு மணி நேரம் ஆகும். மதுவில் பாதுகாப்பான அளவு என்று எதுவும் இல்லை என்று உலகச் சுகாதார நிறுவனம் 2023 ஜனவரியில் அறிவித்திருக்கிறது. அதைத் தெரிந்துகொண்டே முடிவு செய்யுங்கள். வாகனம் ஓட்ட இருப்பவர், கர்ப்பிணிகள், தூக்க மாத்திரையோ மெட்ரோனிடசோல் என்ற கிருமிக்கொல்லி மருந்தோ எடுப்பவர் ஆகியோர் இதைத் தொடக் கூடாது. ரத்தக் கொழுப்பைக் குறைக்கும் சிம்வாஸ்டாட்டின் போன்ற சில மருந்துகளின் அளவை கிரேப்ஃப்ரூட் ரத்தத்தில் ஆபத்தான அளவுக்கு உயர்த்திவிடும். தொடர்ந்து மருந்து எடுப்பவர்கள் அந்த வகையைச் செய்யும் முன் மருத்துவரிடமோ மருந்தாளுநரிடமோ கேட்டுவிட வேண்டும்.

எலுமிச்சை பிழிந்த கையோடு வெயிலில் போகாதீர்கள். சாறும் தோலெண்ணெயும் பட்ட தோலில் சூரியனின் புறஊதாக் கதிர் விழுந்தால், ஓரிரு நாளில் தீக்காயம் போன்ற கொப்புளம் எழுந்து, கருந்திட்டு வாரக்கணக்கில் மறையாமல் நிற்கும். திறந்த வெளியில் விருந்து வைப்பவர்கள் பழம் பிழியும் வேலையை வீட்டுக்குள்ளேயே முடித்து, மணிக்கட்டு வரை சோப்புப் போட்டுக் கழுவிய பிறகே வெளியே வர வேண்டும்.